கல்மரம் பார்க்கப் போகிறோம் என்று சொல்லிவிட்டு

எங்கள் வீட்டில் என்னை வைத்துக்கொண்டு யாரும் ரகசியம் பேச மாட்டார்கள். எனக்கு ஓட்டைவாய் என்று பெயர். சும்மா வந்த பெயரல்ல. எனக்கு ஒன்பது வயதிருக்கும்போது சித்தியைப் பெண் பார்க்க வந்த ஓர் அம்மாள், "பஜ்ஜி பிரமாதம், பொண்ணு போட்டதா?" என்று கேட்டார். "இல்ல ஆன்ட்டி, முக்குக் கடையில நான்தான் வாங்கிட்டு வந்தேன்" என்று நான் பெருமையாகச் சொல்லிவிட்டேன். அந்த இடம் அமையவில்லை. அதற்கும் பஜ்ஜிக்கும் ஒரு சம்பந்தமும் கிடையாது. ஆனாலும் மாமா என்னைப் பார்க்கும்போதெல்லாம் "ஒரே பஜ்ஜியில கவுத்துட்டியேடி" என்பார். அவர் விளையாட்டாகச் சொன்னார், நான் அப்படியே நம்பினேன். சித்திக்குக் கடைசிவரை கல்யாணம் ஆகாமல் போனால் அது என் வாயால்தான் என்று பயந்துகொண்டிருந்தேன்.

சித்தி அம்மாவின் தங்கை. சேலையூரில் எங்களோடு இருந்துகொண்டு நாவலூரில் ஒரு சாஃப்ட்வேர் கம்பெனிக்கு வேலைக்குப் போய்வந்தாள். படிப்பு, சம்பளம், குணம் எல்லாம் சரி. உயரம்தான் கொஞ்சம் கூடுதல். வருகிற மாப்பிள்ளைகள் எல்லாரும் அவள் காதளவுக்கு வந்து நின்றுவிட்டார்கள். ஒரு வீட்டார், "அந்த ஃபிரிட்ஜ் பக்கத்துல கொஞ்சம் நில்லும்மா" என்றார்கள். சித்தி போய் நின்றாள். அவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டு, காபி டம்ளரை வைத்துவிட்டுக் கிளம்பினார்கள். அன்றைக்குச் சித்தி குளியலறைக்குள் போய்க் குழாயைத் திறந்துவிட்டவள், தொட்டி நிரம்பி வழிந்த பிறகும் மூடவில்லை. எனக்கு அழுகையாக வந்தது.

அதற்குப் பிறகுதான் மாமாவுக்கு இந்த யோசனை தோன்றியது. மாமா என்றால் அம்மாவுக்கும் சித்திக்கும் மூத்த அண்ணன், எங்கள் குடும்பத்தின் எல்லா யோசனைகளுக்கும் அவர்தான் பொறுப்பு. திருச்சிப் பக்கம் ஒரு கல்லூரியில் மண்ணியல் சொல்லிக்கொடுக்கும் ஒருவரின் ஜாதகம் வந்திருந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் வெளியூர்க்காரர்களை அழைத்துக்கொண்டு போய் சாத்தனூர் கல்மரத்தையும் காரை என்ற ஊரில் இருக்கும் செம்மண் பள்ளங்களையும் காட்டுவாராம். தாம்பரத்திலிருந்தே வேன் ஏற்பாடு. "நாம இன்னும் பொண்ணு ஃபோட்டோ அனுப்பல. அவனுக்கு நம்மளத் தெரியாது. டிக்கெட் போட்டுக்கினு போய், சுத்திப் பாக்கற மாதிரி பையனப் பாத்துட்டு வந்துடலாம். எத்தனை நாளைக்குத்தான் அவங்களே பாக்கறது?" என்றார் மாமா. அம்மா உடனே சரி என்றாள். சித்தி, "இதெல்லாம் எதுக்குண்ணா?" என்று ஒரு தடவை கேட்டாள். அதற்கு மேல் அவளை யாரும் பேச விடவில்லை.

அப்பாவுக்கு மறைமலை நகர் ஃபேக்டரியில் ஞாயிறும் ஷிஃப்ட். வீட்டில் என்னைப் பார்த்துக்கொள்ள ஆளில்லாததால் அழைத்துப் போகவேண்டிய கட்டாயம். முதல் நாளே மாமா என்னை நிற்கவைத்து எச்சரித்தார். "மாப்பிள்ளைன்னு ஒரு வார்த்தை வரக் கூடாது. ஜாதகம்னு வரக் கூடாது. சித்தப்பான்னு கூப்பிட்டுத் தொலைக்காத. மொத்தத்துல வாயே தொறக்காத." நானும் திறக்கவில்லை. விடியுமுன் வேனில் ஏறியவள், பரனூர் டோல்கேட் தாண்டியபோது ஜன்னலோரம் கேட்கக்கூட வாயைத் திறக்கவில்லை. வாந்தி வந்தபோது திறந்தேன், அது மாமா சொன்ன கணக்கில் சேராது.

பெரம்பலூர் தாண்டி ஒரு டீக்கடை வாசலில் அவர் வேனுக்காகக் காத்திருந்தார். தொப்பி, கறுப்புக் கண்ணாடி, தோளில் ஒரு பை, மண் ஒட்டிய ஷூ. ஜாதகத்தோடு வந்திருந்த ஃபோட்டோவிலும் ஒரு பாறை, ஒரு தொப்பி, ஒரு கறுப்புக் கண்ணாடி, அவ்வளவுதான் தெரிந்தன. மாமா அம்மாவின் முழங்கையை இடித்தார். அம்மா என் தொடையைக் கிள்ளினாள். அவர் நேராக என்னிடம் வந்து, "பாப்பா பேரு என்ன?" என்று கேட்டார். நான் உதட்டை உள்ளே மடித்துக் கடித்துக்கொண்டேன். "பாப்பா பேசாதா?" என்று அவர் பாவமாகக் கேட்க, மாமா, "கொஞ்சம் கூச்சம்" என்றார்.

சாத்தனூரில் கம்பிவேலிக்குள் அந்தக் கல்மரம் படுத்திருந்தது. மரம் என்றால் மரமேதான், பட்டையின் சுருக்கம்கூடத் தெரிந்தது. தொட்டால் சில்லென்று கல். "இந்த இடமெல்லாம் ஒரு காலத்துல கடலுங்க. மரம் ஆத்துல அடிச்சுக்கிட்டு வந்து கடலடியில புதைஞ்சு, பத்துக் கோடி வருஷத்துக்கு மேல ஆகி, கல்லாயிடுச்சு" என்று அவர் விளக்கினார். மாமா பரவசமாகத் தலையாட்டிவிட்டு, "அடேயப்பா! உங்களுக்கு என்ன வயசு ஆகுது?" என்று கேட்டார். அவர் சிரித்துக்கொண்டே இருபத்தாறு என்றார். மாமாவின் முகம் மாறியது. ஜாதகத்தில் முப்பத்திரண்டு என்று இருந்தது.

அதிலிருந்து பிடித்தது சனி. மாமா கல்லைப் பற்றி ஒரு கேள்வியும் ஆளைப் பற்றி ஒரு கேள்வியுமாக மாற்றி மாற்றிக் கேட்டார். "இந்த மாதிரி மரம் வேற எங்க இருக்கு? உங்களுக்குச் சொந்த வீடா?" வாடகை என்றார் அவர். ஜாதகக்காரருக்குச் சொந்த வீடு. "கூடப் பொறந்தவங்க?" இரண்டு தங்கை என்றார். ஜாதகக்காரர் ஒரே பிள்ளை. மாமா அம்மாவை ஒதுக்குப்புறமாகத் தள்ளிக்கொண்டு போய், "வாயத் தொறந்தா பொய்யி. அண்டப்புளுகனா இருக்கான்" என்றார். அம்மாவோ வேறு கணக்கில் இருந்தாள். "சார், அந்த மரத்துக்கிட்ட கொஞ்சம் நில்லுங்க, ஃபோட்டோ எடுத்துக்கறோம். தொப்பியக் கழட்டிடுங்க. இன்னும் கொஞ்சம் நேரா நில்லுங்க" என்றாள். பக்கத்தில் சித்தியைத் தள்ளிவிட்டாள். அவர் ஒன்றும் புரியாமல் விறைப்பாக நின்றார். சித்தியைவிட நாலு விரல் உயரம். அம்மாவுக்கு முகமெல்லாம் பல். சித்தி மட்டும் தரையைப் பார்த்தபடி, "போதும்க்கா. அவர விடு. போதும்" என்று சொல்லிவிட்டு விலகிப் போனாள்.

சித்திக்குக் கோபம் என்றால் எனக்குப் பயம். அவள் ஆளைப் பிடிக்கவில்லை என்கிறாளா, பிடித்திருக்கிறது என்கிறாளா என்று எனக்கு விளங்கவில்லை. மாமா வேண்டாம் என்பார், அம்மா வேண்டும் என்பாள், இடையில் இதுவும் கைநழுவும், சித்தி மறுபடி குழாயைத் திறப்பாள் என்று நானே முடிவுவரை ஓட்டிப் பார்த்துவிட்டேன். பொட்டலத்தில் தந்த புளிசாதத்தைப் பாதியிலேயே மடித்து வைத்துவிட்டேன்.

மதியத்துக்கு மேல் காரைக்குப் போனோம். அப்படி ஓர் இடத்தை நான் கண்டதில்லை. கண்ணுக்கெட்டிய வரை செம்மண் மேடு, அதை மழைத்தண்ணீர் அறுத்து அறுத்து ஆயிரம் பள்ளம். வெடித்த குதிகாலைப் பெரிதாக்கி வைத்தது போல இருந்தது. புல் பூண்டு கிடையாது. மண்ணின் மேலேயே சின்னச் சின்னச் சிப்பியும், துப்பாக்கிக் குண்டு மாதிரி கூரான கல்லும் இறைந்து கிடந்தன. எல்லாம் பழைய கடலின் உயிர்கள் என்றார் அவர். காலை வைத்தால் எதையாவது நொறுக்கிவிடுவேனோ என்று நான் பார்த்துப் பார்த்து அடி வைத்ததில் எல்லாரும் முன்னால் போய்விட்டார்கள். அவர் என்னை அழைத்துப் போகத் திரும்பி வந்தார். அப்போது அவருடைய ஃபோன் அடித்தது.

"சொல்லுங்க சார். எல்லாரும் நல்லாருக்காங்க சார். மரம் முடிச்சாச்சு, இப்ப காரைல இருக்கோம். ஒருத்தர் மட்டும் ரொம்பக் கேள்வி கேக்கறார். நீங்க கவலைப்படாதீங்க சார், உங்க பேரக் கெடுக்க மாட்டேன்" என்றார். ஃபோனை வைத்துவிட்டு, நான் பேசாத பிள்ளை என்ற தைரியத்தில் எனக்கே விளக்கம் சொன்னார். "எங்க வாத்தியாரு பாப்பா. வழக்கமா அவர்தான் வருவாரு. இன்னிக்கு வரலேன்னு திடீர்னு என்னை அனுப்பிட்டாரு."

இவர் அவர் இல்லை! காலையிலிருந்து நாங்கள் யாரோ ஒருவரை நிற்கவைத்துப் பார்த்துக்கொண்டிருக்கிறோம். இவர் புளுகன் என்று மாமா கைகழுவினால், பாவம், நாங்கள் பார்த்தே இராத அந்த வாத்தியார் போய்விடுவார். சொல்லவேண்டும். ஆனால் வாயைத் திறக்கக் கூடாது. முன்பு வாயைத் திறந்துதான் ஓர் இடம் போயிற்று. இப்போது திறக்காவிட்டால் இன்னொன்று போகும். கடவுளே, என்ன எழவு இது என்று இருந்தது.

மாமாவிடம் போக எனக்குத் துணிச்சல் இல்லை. சித்தியைத் தேடி ஒரு பள்ளத்துக்குள் இறங்கி ஓடினேன். அது இரண்டாகப் பிரிந்தது, பிரிந்தது மறுபடி பிரிந்தது. இரண்டு பக்கமும் என்னைவிட உயரமான மண்சுவர். பேச்சுக் குரல் ஒரு நேரம் வலப்பக்கம் கேட்டது, ஒரு நேரம் பின்னால் கேட்டது. இங்கேயே விழுந்து கல்லாகி, இன்னும் பத்துக் கோடி வருஷம் கழித்து யாராவது டிக்கெட் போட்டு வந்து என்னைப் பார்ப்பார்கள் என்று நினைத்ததும் பொறுக்க முடியவில்லை. "சித்தீ!" என்று வீறிட்டேன்.

அடுத்த திருப்பத்திலேயே இருந்திருக்கிறாள். ஓடிவந்து தூக்கிக்கொண்டாள். நான் அழுகையும் மூக்குமாக அவள் காதில் எல்லாவற்றையும் கொட்டினேன். அவர் வாத்தியார் இல்லை, மாணவர், வேற ஆள், மாமாவுக்குத் தெரியாது.

"தெரியும்டி" என்றாள் சித்தி.

நான் அழுவதை நிறுத்திவிட்டேன்.

"நான்தான் அவர வராதீங்கன்னு சொன்னேன். டூர் நோட்டீஸ்லயே நம்பர் இருந்துச்சு. மாமாகிட்ட சொல்லாத. நான் பாத்துக்கறேன்." என் முகத்தை முந்தானையால் துடைத்தாள். மாமா வருகிறாரா என்று இரண்டு தடவை எட்டிப் பார்த்தாள். சித்திக்கும் பயமாக இருந்திருக்கிறது என்று அப்போதுதான் தெரிந்தது.

திரும்பி வரும்போது வேனில் மாமா தீர்ப்புச் சொன்னார். "வயசுலயே ஆறு வருஷம் முழுங்கறவன் நாளைக்கு எத முழுங்க மாட்டான்? இது சரிப்பட்டு வராது. போனது போச்சு, வேற பாப்போம்." அம்மா உயரத்தைச் சொல்லி இழுத்துப் பார்த்தாள், எடுபடவில்லை. நான் சித்தியின் சுண்டுவிரலை இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தேன். விழுப்புரம் வருவதற்குள் எல்லாம் முடிந்துவிடும் போலிருந்தது.

"எனக்குப் புடிச்சிருக்குண்ணா" என்றாள் சித்தி. "வீட்டுக்கு வரச் சொல்லுங்க."

மாமா அவளைத் திரும்பிப் பார்த்தார். பிறகு ஜன்னலைப் பார்த்தார். செங்கல்பட்டு வந்ததும், "சரி, வரச் சொல்றேன்" என்றார்.

அடுத்த மாதம் நிஜமான வாத்தியார் தன் அம்மா அப்பாவோடு வந்து கூடத்தில் உட்கார்ந்தார். முன்தலையில் முடி குறைவு, தொந்தி தெரிந்தது, சித்தியின் தோளுக்குக் கொஞ்சம் மேலே வந்தார். மாமா திறந்த வாயை மூடவில்லை. அம்மா காபித் தட்டோடு சமையலறை வாசலில் நின்றுவிட்டாள். நீங்கள் அவர் இல்லையே என்று கேட்கவேண்டுமானால், நாங்கள் வேவு பார்க்கப் போனோம் என்று ஒப்புக்கொள்ளவேண்டும். யார் கேட்பது? அவர்கள் போன பிறகு மாமா மெதுவாக, "ஆள் கொஞ்சம் மாறின மாதிரி இல்ல?" என்றார். அம்மா யோசித்து, "தொப்பி போட்டா உசரமாத் தெரியும்ண்ணா" என்றாள். இரண்டு பேரும் அதோடு விட்டுவிட்டார்கள். எனக்குச் சிரிப்பு முட்டிக்கொண்டு வந்தது. வாழ்நாளில் முதல் முறையாக ஒரு ரகசியத்தை வாய்க்குள்ளேயே வைத்திருந்தேன்.

ஆனால் ஒன்று உறுத்திக்கொண்டே இருந்தது. வீட்டுக்கு வந்த அன்றைக்குத்தான் சித்தியும் அவரை முதல் தடவை பார்த்தாள். பார்க்காத ஆளை வேனில் உட்கார்ந்துகொண்டு எப்படிப் பிடித்திருக்கிறது என்றாள்? துணி மடித்துக்கொண்டிருந்தவளிடம் போய்க் கேட்டேன். அவள் கொஞ்சம் வெட்கப்பட்டாள்.

"ஃபோன்ல, இந்த மாதிரி எங்க வீட்ல உங்களப் பாக்க வராங்க, தெரியாம வராங்கன்னு சொன்னேன். திட்டுவாருன்னு நெனச்சேன். அவர், 'அப்படியா? நீங்க என்ன நினைக்கறீங்க, நான் வரட்டுமா, வேணாமா?'ன்னு கேட்டார்."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன, அவ்ளோதான்."

நான் ஏமாந்து போனேன். பாட்டுப் பாடியிருப்பார், இங்கிலீஷில் ஏதாவது சொல்லியிருப்பார் என்று காத்திருந்தேன். "இவ்ளோதானா? என்னையெல்லாம் தெனம் எல்லாரும் தோசை வேணுமா, வேணாமான்னு கேக்கறாங்க" என்று சொல்லிவிட்டு விளையாடப் போய்விட்டேன். சித்தியை அதுவரை யாரும் அப்படிக் கேட்டதே இல்லை என்பது அப்போது எனக்குத் தெரியாது.