கட்டைவிரலில் மாட்டிய முகூர்த்தப் புடவை

பெரிய காஞ்சிபுரத்தில் ஒரு பட்டுக்கடையில் விற்பனைப் பெண்ணாக இருக்கிறேன். போன மாதம் ஆசையாக ஜெல் நெயில் பாலிஷும் அதைக் காயவைக்கும் குட்டி விளக்கும் வாங்கி, வீட்டிலேயே போட்டுக்கொண்டேன். மற்ற விரல்கள் பளபளவென்று காய்ந்தன. விளக்குக்குப் பக்கவாட்டில் கிடந்த கட்டைவிரல் மட்டும் சரியாகக் காயாமல், இரண்டே நாளில் ஓரம் செதில்போல் தூக்கிக்கொண்டது. நான் கண்டுகொள்ளவில்லை.

அன்று ஒரு கல்யாண வீட்டாருக்கு அரக்குநிறப் புடவையை விரித்தேன். முந்தானைச் சரிகை அந்தச் செதிலில் மாட்டிக்கொண்டது. இழுத்தால் இழை வந்துவிடும், என் வேலையும் போய்விடும். சிரித்தபடியே பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

"வேற காட்டும்மா" என்றார் பெண்ணின் அம்மா.

"இதையே நல்லா பாருங்கம்மா."

பெண்ணின் அப்பா என்னையே பார்த்தார். "அந்தப் பொண்ணு விடாம புடிச்சிக்கினு இருக்குதுன்னா, இதுல ஏதோ இருக்குது. இதையே எடுத்துக்கலாம்!"

பில் போடப் புடவையை எடுக்க வந்த தோழியின் காதில் விஷயத்தைச் சொன்னேன். அவள் சிரிப்பை அடக்கிக்கொண்டு நகவெட்டியால் என் நகத்தை நறுக்கினாள். சரிகைக்கு ஒன்றும் ஆகவில்லை.

இப்போது ஜெல் பாலிஷ் என் கால் விரல்களுக்கு மட்டும்தான். அன்று கல்லாவிலிருந்து பார்த்துக்கொண்டிருந்த முதலாளியோ புதிதாக வரும் பெண்களிடம் இன்னமும் சொல்கிறார்: "இவள மாதிரி விடாப்பிடியா விக்கணும்மா!"