பேட்டரித் தண்ணீர்

நான்கு மூங்கில்களில் கட்டிய வெள்ளை வேட்டி மழையில் நனைந்து, நடுவில் போட்ட கூழாங்கல்லின் கனத்தில் தொய்ந்து, அடியில் வைத்த கண்ணாடி ஜாடிக்குள் தண்ணீர் சொட்டுச் சொட்டாக விழும் சத்தம்தான் எருத்தேன்பதியில் எங்களுக்கு மழைக்காலம். முதல் மழையில் தூசி இருக்கும் என்பதால், "மொத மழ கூரைக்கு, அடுத்த மழ சாடிக்கு" என்பார்கள் ஊரில். அந்தத் தண்ணீர் அப்பாவின் ஜீப் பேட்டரிக்கு. கோவிந்தாபுரத்துக்குத் தக்காளி ஏற்றிப்போகும் அந்த ஜீப்பில்தான் எங்கள் சோறு இருந்தது. போர்வெல் தண்ணீரை ஊற்றினால் அதிலுள்ள உப்பு பேட்டரியைத் தின்றுவிடும்.

அம்மா இடுக்கித் தேயிலைத் தோட்டத்தில் பிறந்தவள். போர் தண்ணீர் டீயின்மேல் படியும் "ஆடை"யைக் கண்டாலே முகம் சுளிப்பாள். ஒரு ஐப்பசியில் ஜாடித் தண்ணீரை எடுத்து டீ போட்டாள். ஆடையே இல்லாமல், தெளிந்த சிவப்பாக வந்தது. ஒரு வாய் குடித்தவள் தம்ளரைக் கீழே வைத்துவிட்டாள்.

"பேட்டரித் தண்ணியில டீயா! எப்படிப் புள்ள இருக்குது?" என்றார் அப்பா.

"எங்கூரு ருசி வரலியே. இதுல ஒண்ணுமே இல்ல."

"ஒண்ணுமே இல்லாததுதாம் புள்ள பேட்டரிக்கு வேணும்."

சிரித்துவிட்டுப் போய்விட்டார். அதன்பின் அந்த வருடம் மழையே இல்லை. எடுத்த தண்ணீருக்கு ஈடாக அம்மா போர் தண்ணீரைக் கொதிக்க வைத்து, ஆறவிட்டு, அதே வேட்டியில் வடிகட்டி ஜாடியை நிரப்பினாள். பாத்திரத்தின் அடியில் வெள்ளையாகப் படிந்திருந்ததைச் சுரண்டிக் காட்டி, "உப்பெல்லாம் சட்டியிலயே தங்கிட்டுல்லா" என்றாள். அப்பாவும் நம்பித்தான் ஊற்றினார்.

சட்டியில் தங்கியது சுண்ணாம்புதான்; உப்பு தண்ணீரோடே போயிருந்தது. மாசிக்குள் பேட்டரி செத்தது. வேறு வாங்க வழியில்லை. தக்காளி அடுத்தவர் வண்டியில் ஏறியது, ஜீப் விலைக்குப் போனது, என் படிப்பும் அதோடு நின்றது. அம்மா பிறந்த தோட்டத்துக்கே குடிபோனோம். அங்கே ஓடைத் தண்ணீரில் போட்ட முதல் டீயை அம்மா நிதானமாகக் குடித்து முடித்தாள். அப்பா அவள் முகத்தைப் பார்க்கவில்லை. நான் அதற்குப்பின் எந்த ஊரிலும் நிலைத்து இருந்ததில்லை.

இப்போது வரும் பேட்டரிகள் பலவற்றில் தண்ணீர் ஊற்ற மூடியே கிடையாது. மழைக்கு வேட்டி கட்டுவாரும் இல்லை, அப்பாவும் இல்லை. அலைந்து அலுத்து மலைக்கு வந்தால், ஓடைக் குழாய் காய்ந்து, லயத்து வரிசை வீடுகளின் மூலையில் தண்ணீர் சுத்திகரிக்கும் மெஷின் நிற்கிறது. அந்தத் தண்ணீரில் நான் போட்டுக் கொடுத்த டீயை அம்மா ஒரு வாய் குடித்துவிட்டுக் கீழே வைத்தாள்.

"ஒங்கப்பா இருந்தா, இத பேட்டரிக்கு எடுத்து வச்சிருப்பாரு."