கீரைக்கு ஏது துக்கம்?

முடிச்சூரில் அப்பா குத்தகைக்கு எடுத்துக் கீரை பயிரிட்ட நிலம் அது. அவருடைய காரியம் முடிந்த கையோடு, நிலத்துக்காரரின் மகன் கீழ்க்கட்டளையிலிருந்து வந்தார்.

"துக்க வருஷம்மா, நிலத்தைச் சும்மா போடுங்க. அடுத்த வருஷம் பார்த்துக்கலாம்" என்றார். எனக்கு எதுவுமே உறைக்காத நேரம். ஆனாலும் என் வழக்கமான அவசரத்தில், "சரிண்ணா" என்றுவிட்டேன்.

அவர் போனதும் அம்மா, "கீரைக்கு இன்னாடி துக்கம்? இந்த வருஷம் நாம எறங்கலைன்னா, அடுத்த வருஷம் உள்ளயே வுடமாட்டான்" என்றார். மறுநாளே போய் அரைக்கீரை விதைத்தார்.

குத்தகையை அம்மா பெயருக்கு மாற்ற மனு கொடுத்தோம். என் 'சரி'யை நம்பிய அந்த அண்ணன், "இவங்க பயிரே வைக்கல சார், தரிசா கெடக்கு" என்று தாலுகா ஆபீசில் சொல்லியிருக்கிறார். அதிகாரி பார்க்க வந்தபோது அம்மா கீரை அறுத்துக்கொண்டிருந்தார்.

"வாரிசுன்னா மட்டும் போதாதும்மா, நீங்களே எறங்கி உழைக்கணும். தரிசு போட்டிருந்தா சிக்கல்தான்" என்றார் அதிகாரி. குத்தகை அம்மா பெயருக்கு வந்தது.

எனக்குச் சந்தோஷம் வரவில்லை. அழுகையும் இன்னும் வரவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் அம்மாவோடு உட்கார்ந்து களை எடுக்கிறேன். யார் எதைக் கேட்டாலும், "அம்மாகிட்ட கேட்டுட்டுச் சொல்றேண்ணா" என்கிறேன்.