பூஜைக்குப் பெருக்கித் தள்ளிய கோப்பு

மாலை போட்ட கம்ப்யூட்டரை நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள். நான் பார்த்திருக்கிறேன். திரையின் இரண்டு பக்கமும் சாமந்தி தொங்க, மேல் பட்டையில் சந்தனமும் குங்குமமும் இட்டு, எதிரே தட்டில் பொரியும் கடலையும் வைத்திருந்தார்கள். பருத்திப்பட்டு ஏரிக்கு எதிரே, ஒரு மாடியில் இருந்த சின்னக் கம்ப்யூட்டர் சென்டர் அது. செருப்பை வெளியே விட்டுத்தான் உள்ளே போக வேண்டும். உள்ளே குளிர்ந்த காற்றும் ஊதுவத்திப் புகையும் கலந்து, கோயிலா ஆபீஸா என்று தெரியாத ஒரு வாசனை. தொண்ணூறுகளின் நடுவில் ஒரு விஜயதசமி. அன்று காலையில் நடந்ததை உங்களுக்காக எழுதி வைக்கிறேன். உங்கள் அம்மாவைக் கேட்டால், "அதெல்லாம் ஒண்ணுமில்ல" என்று முடித்துவிடுவாள்.

அப்போது அவள் அந்த சென்டரில் பாடம் சொல்லிக்கொடுத்த மிஸ். உங்கள் தாத்தா ஆவடியில் ராணுவத் தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றிருந்தார். குவார்ட்டர்ஸைக் காலி செய்துகொண்டு குடும்பமே தூத்துக்குடிக்குத் திரும்புவதாக முடிவாகியிருந்தது. அம்மாவுக்கு இங்கே நிலையாக ஒரு வேலை அமைந்தால் மட்டும் சித்தி வீட்டில் தங்கிக்கொள்ளலாம், இல்லையென்றால் அவளும் கிளம்ப வேண்டியதுதான் என்று தாத்தா சொல்லிவிட்டார். நான் அம்பத்தூரில் ஒரு கம்பெனியில் ஃபிட்டர். எங்கள் ஸ்டோர்ஸில் எந்தச் சாமான் எந்த அலமாரியில் இருக்கிறது என்று சொல்லும் ஒரு புரோகிராமை அவள் எழுதிக்கொண்டிருந்தாள். சாமான்களை அவளுக்கு விளக்குவதற்காக என்னை அனுப்பினார்கள். நான் ஒரு புஷ் குழலையோ சர்க்கிளிப் வளையத்தையோ மேஜையில் வைப்பேன். அவள் அதைக் கையில் எடுத்து, வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்ப்பாள், ஏதோ கடற்கரையில் பொறுக்கிய சங்கைப் பார்ப்பது போல. எங்கள் ஸ்டோர்ஸில் இன்னும் நிறையச் சாமான்கள் இருக்கக் கூடாதா என்று எனக்குத் தோன்றும்.

அவள் எழுதியதை எந்திரம் நேரடியாகப் படிப்பதில்லை என்று ஒருநாள் சொன்னாள். எழுதி முடித்ததும் அது பொடிப்பொடியான எண் குறிகளாக மாறிவிடுமாம். ஒரு குறிக்கு 'எடு' என்று அர்த்தம், இன்னொன்றுக்கு 'கூட்டு', இன்னொன்றுக்கு 'திரையில் காட்டு'. அந்தக் குறிகளை ஒவ்வொன்றாகப் படித்து எந்திரத்திடம் வேலை வாங்குவது வேறு ஒரு கோப்பு. அந்த மொழியில் எழுதிய புரோகிராம்கள் எத்தனை இருந்தாலும், அந்தக் கோப்பு ஒன்றே ஒன்றுதான் ஓர் ஓரமாக இருக்கும். எல்லாரும் அதையே கூப்பிட்டுக்கொள்வார்கள். நான் என் அறிவுக்கு எட்டியபடி புரிந்துகொண்டேன். எங்கள் கம்பெனியில் எந்தப் பகுதியிலிருந்து வரைபடம் வந்தாலும் கடைசல் பிடிக்கும் ஒரே டர்னரிடம்தான் போகும். அவர் லீவு போட்டால் வரைபடம் வெறும் காகிதம். இதைச் சொன்னதும் அவள் சிரித்துவிட்டு, "சரியாத்தான் சொல்லுதீய" என்றாள். அந்த ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டு நான் அம்பத்தூர் வரை சைக்கிளை மிதித்தேன். வழியில் எந்த சிக்னலில் நின்றேன், நின்றேனா இல்லையா என்பதே நினைவில்லை.

எங்கள் ஸ்டோர்ஸ் ஆபீசர் நாள் பார்க்கிறவர். விஜயதசமியன்று ராகு காலத்துக்கு முன்னால் வந்து புரோகிராமைப் பார்ப்பதாகவும், பிடித்திருந்தால் அம்மாவை வேலைக்கு வைத்துக்கொள்ளச் சொல்லி முதலாளியிடம் பேசுவதாகவும் சொல்லியிருந்தார். ஆயுத பூஜையன்று எந்திரத்தைத் தொடக் கூடாது என்பதால், மறுநாள் காலையில்தான் அவள் மாலையை ஒதுக்கிவிட்டு சுவிட்சைப் போட்டாள். எல்லாம் வந்தது. அவள் புரோகிராம் மட்டும் வரவில்லை. சாம்பல் நிறத்தில் ஒரு கட்டம் வந்து, இன்ன பெயருள்ள கோப்பைக் காணோம் என்றது. லாரி நம்பர் மாதிரி எழுத்தும் எண்ணும் கலந்த பெயர். அவள் முகம் வெளுத்ததை அந்தத் திரை வெளிச்சத்தில் பார்த்தேன்.

சென்டர்காரர் பொரியை மென்றுகொண்டே வந்து எட்டிப்பார்த்தார்.

"அதுவா? நான்தாம்மா தூக்கினேன். பூஜைக்கு ஊட்ட பெருக்கறோம், ஒட்டட அடிக்கிறோம், உள்ள மட்டும் குப்ப இருக்கலாமா? அந்தாண்ட ஒரு டைரக்டரில பேரே வாயில நொழையாத ஃபைலுங்கோ. எவனும் தொறக்கறதில்ல. இன்னாத்துக்கு எடத்த அடச்சிகினு கீதுன்னு கழிச்சிட்டேன்."

"திரும்ப எடுக்க முடியுமாண்ணே?"

"அந்த எடத்துலதான் புது டைப்பிங் பாடத்த ஏத்திட்டனே! இன்னாமா, அயுவுற மாதிரி பாக்கற?"

அந்த மொழியை ஏற்றிய ஃபிளாப்பிகள் இரவல் வாங்கியவை. திருப்பிக் கொடுத்தாகிவிட்டது. அவள் கண்ணை மூடி ஏதோ கணக்குப் போடுகிறவள் போல இருந்தாள். பிறகு சட்டென்று எழுந்தாள்.

"கரையான்சாவடில எங்க மாதா கோயில் ஃபாதர் கம்ப்யூட்டர்ல ஞாயித்துக்கிழம கிளாஸ் பிள்ளையளுக்கு வேதாகம வினாடி வினா ஒண்ணு போட்டிருக்காவ. அதையும் இதே மொழியிலதான் யாரோ எழுதியிருக்காவ. அங்க இந்தக் கோப்பு கெடக்கும்லா?"

"ஆபீசர் வந்துட்டா?" என்று நான் கேட்டேன்.

சென்டர்காரருக்கு அப்போதுதான் விஷயம் உறைத்தது. "நீங்க போங்க நைனா. அந்தாளு வந்தா நான் சுண்டல குடுத்து உக்கார வெக்கிறேன்" என்றார்.

பூந்தமல்லி பஸ் வந்தது. முகப்பில் இரண்டு வாழைக்கன்று கட்டியிருந்தார்கள். காற்றில் அதன் இலைகள் கிழிந்து கிழிந்து கண்ணாடியில் அடித்தன. உள்ளே கூட்டமே இல்லை. அவள் முன்னால் பெண்கள் சீட்டில் உட்கார்ந்தாள், நான் பின்னால். ஃபிளாப்பியை டிபன் டப்பாவுக்குள் வைத்து மடியில் இரண்டு கையாலும் பிடித்திருந்தாள். ஜன்னலில் ஏரி கொஞ்ச நேரம் எங்களோடு வந்தது. தண்ணீரும் வானமும் ஒரே வெள்ளையாக இருந்ததால், பஸ் தரையில் போகிறது என்பதே மறந்துபோனது. அவசரமாகப் போகிறோம் என்று புத்திக்குத் தெரிகிறது. ஆனால் அந்தப் பாதை முடியாமல் இப்படியே நீண்டுகொண்டு போனால் யாரும் எங்கேயும் போக வேண்டியிருக்காதே என்று ஒரு மயக்கம். இன்றைக்கும் அந்தப் பக்கம் போனால் அந்த மயக்கம் ஒரு நொடி வந்துவிட்டுப் போகிறது. இப்போது ஏரியைச் சுற்றி நடைபாதை போட்டிருக்கிறார்கள். உங்களையும் கூட்டிப்போயிருக்கிறேன்.

ஃபாதர் அப்போதுதான் பூசை முடித்து வந்திருந்தார். விஷயத்தைக் கேட்டுவிட்டுத் தன் கம்ப்யூட்டரின்மேல் மூடியிருந்த துணியை எடுத்தார்.

"ஏம்மா, மோசே கேள்வியும் யோனா கேள்வியும் இருக்கற ஆட்டத்துக்குள்ள உங்க போல்ட்டு நட்டு எப்படி வரும்?"

"ஆட்டத்துக்குள்ள இல்ல ஃபாதர். அதுக்குப் பக்கத்துல இருக்கும். அந்த ஆட்டத்தையும் அதுதான் நடத்திவைக்கி."

அவள் ஒவ்வொரு டைரக்டரியாகத் திறந்துகொண்டு போனாள். பெயர்கள் மழைத் தாரை போல இறங்கின. நான் எதையும் படிக்கவில்லை, அவள் முகத்தைத்தான் படித்துக்கொண்டிருந்தேன். ஓரிடத்தில் அவள் விரல் நின்றது. அதே லாரி நம்பர். ஃபாதர் வாய்விட்டுச் சிரித்தார். "இத்தன நாளா நம்ம வீட்டுல இப்படி ஒருத்தர் இருந்து வேல பாத்திருக்கார், ஒரு தோத்திரம்கூடச் சொல்லலியே!" ஃபிளாப்பி டிரைவ் கரகரவென்று அரைத்த சத்தம் ஓய்கிற வரை மூன்று பேரும் மூச்சுவிடவில்லை.

நாங்கள் மாடிப்படி ஏறும்போது ஆபீசர் வாசலில் ஒரு காலில் ஷூ மாட்டியிருந்தார். சென்டர்காரர் சுண்டல் தட்டோடு வழியை மறித்துக்கொண்டிருந்தார். "சார், இன்னும் டைம் கீது சார், என் வாட்ச் பாஸ்ட்டு சார்!" அம்மா நேரே உள்ளே போய்க் கோப்பை அதன் இடத்தில் வைத்து, புரோகிராமைத் திறந்தாள். வெள்ளைக் கட்டம் மலர்ந்தது. ஆபீசர் ஷூவைக் கழற்றிவிட்டு வந்து, நின்றபடியே ஒரு பேரிங்கின் எண்ணை அடித்தார். அலமாரியும் தட்டும் திரையில் வந்தன. இன்னொன்று அடித்தார். அதுவும் வந்தது. நாற்காலியை இழுத்து உட்கார்ந்தார்.

"இவ்ளோ நேரம் ஏம்மா இது ஓடல?"

அவள் நடந்ததை மறைக்காமல் சொன்னாள். சென்டர்காரர் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"எங்க ஆபீஸ்லயும் ஆயுத பூஜை உண்டு. வருஷா வருஷம் எவனாவது பெருக்கித் தள்ளுவானே" என்றார் ஆபீசர், பாதி தனக்கே சொல்லிக்கொள்கிறவர் போல. "அப்போ இத வாங்கி மட்டும் என்ன பண்றது? நீ பக்கத்துலயே இருந்தாத்தான் ஆகும். திங்கக்கெழம வந்து முதலாளியப் பாரு. நான் சொல்லி வைக்கிறேன்."

அவர் இறங்கிப் போன பிறகும் அவள் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு என் பக்கம் திரும்பாமலே, "கேட்டீயளா? பக்கத்துலயே இருக்கணுமாம்" என்றாள். என்னிடம்தான் சொன்னாளா என்று இந்த வயதிலும் நான் கேட்டதில்லை.

அந்த மாதக் கடைசியில் குவார்ட்டர்ஸ் வாசலில் தூத்துக்குடி லாரி நின்றது. ஆள் குறைச்சல் என்று என்னையும் கூப்பிட்டிருந்தார்கள். பீரோ, கட்டில், மாவரைக்கும் கல், மாதா படம் எல்லாவற்றையும் ஏற்றிவிட்டு, முற்றத்தில் மிச்சமிருந்த உங்கள் அம்மாவின் பச்சை டிரங்குப் பெட்டியைத் தூக்கக் குனிந்தேன்.

"அத வைங்க தம்பி" என்றார் தாத்தா. "அது இந்த ஊருலதான் இருக்கும்."