பொட்டு வைக்காத மெஷின்

நம்பாதவர்கள் இப்போதே பக்கத்தைப் புரட்டிக்கொள்ளலாம். இது ராஜாமணிக்கு நடந்தது. அவன் மேடையில் புளுகிப் பிழைக்கிறவன்தான். ஆனால் இதை என்னிடம் சொன்னபோது நிமிஷத்துக்கு ஒருமுறை பின்னால் திரும்பிப் பார்த்துக்கொண்டே இருந்தான்.

ராஜாமணியின் முகம் உங்களுக்குத் தெரிந்திருக்கும், பெயர்தான் தெரியாது. சினிமாவில் ஹீரோவுக்குப் பின்னால் நின்று சிரிப்பான். டிவி காமெடிப் போட்டியில் கடைசிச் சுற்றுவரை வந்து கோட்டைவிட்டவன். அதற்கப்புறம் கல்யாண மேடை, கம்பெனி விழா என்று மிமிக்ரி செய்து வயிற்றைக் கழுவிக்கொண்டிருந்தான். சேனல் புரொட்யூசர் சுபஸ்ரீதான் இரக்கப்பட்டுக் கடைசியாக ஒரு வாய்ப்பு கொடுத்தாள். "நடிகர் குரலெல்லாம் சலிச்சுப் போச்சு சார். புதுசா ஒரு குரல் பண்ணுங்க, வீடியோ கால்ல பாக்கறேன். நல்லா இருந்தா அடுத்த சீசன்ல எடுத்துக்கலாம்." இதையும் விட்டால் அவனுக்கு டிவி கிடையாது.

ஒரகடத்தில் ஒரு உதிரிபாக ஃபேக்டரி. ஆயுத பூஜை விழா. இந்த மாதிரி விழாக்களுக்கு ராஜாமணி ஒரு தந்திரம் வைத்திருந்தான். முன்கூட்டியே உள்ளே போய், அங்கே வேலை செய்யும் யாராவது பேசுவதைக் கேட்டுக்கொள்வான். மேடையில் அந்தக் குரலை எடுத்துவிட்டால் விசில் பறக்கும்.

அன்று காலையும் அப்படித்தான். எல்லோரும் வாசலில் பூசணிக்காய் உடைக்கக் கூடியிருந்தார்கள். அவன் மட்டும் தகடு வெட்டும் மெஷின்கள் நிற்கும் பிரஸ் லைனுக்குள் நுழைந்தான். எல்லா மெஷினுக்கும் சந்தனப் பொட்டு, மாலை. கோடியில் நின்ற ஒன்றுக்கு மட்டும் எதுவும் இல்லை. மெயின் சுவிட்சை அணைத்திருந்தார்கள். ஆனாலும் அந்த மெஷினுக்குப் பக்கத்தில் தரை அதிர்ந்தது... தடக்... தடக்...

"யார்ரா அது? ஷூ இல்லாம இன்னாத்துக்கு உள்ள வர்ற?"

மெஷினுக்குப் பின்னாலிருந்து கரகரத்த குரல். மூச்சை இழுத்து இழுத்துப் பேசியது. ராஜாமணிக்கு உச்சி குளிர்ந்துவிட்டது. அவன் தேடிய குரல் இதுதான்.

"சும்மா பாக்க வந்தேண்ணே."

"பாத்துட்டல்ல? போய் சொல்லு."

யாரிடம், என்னத்தைச் சொல்ல? எட்டிப் பார்த்தான். ஆள் இல்லை. வெறும் சுவர். எந்தப் பக்கமாவது போயிருப்பார் என்று நினைத்துக்கொண்டான், மடையன்.

மேடை ஏறினான். எதிரே தொழிலாளர்கள், குடும்பங்கள். ஸ்டாண்டில் நின்ற செல்போனில் சுபஸ்ரீ பார்த்துக்கொண்டிருந்தாள். "டீ வந்துச்சா?" என்று அந்தக் குரலில் கேட்பதுதான் திட்டம். வாயைத் திறந்தான்.

"விமலு... பட்டன தொடாத... கை உள்ள கீதுடா..."

கூட்டத்தில் சிரிப்பு நின்றது.

அவன் நினைத்த வார்த்தைகள் இல்லை அவை. நிறுத்தப் பார்த்தான். முடியவில்லை...

"வேகம் பத்தலன்னு சேஃப்டி சென்சார கழட்டச் சொன்னது மேனேஜர்தாண்டா..."

மேனேஜர் பாய்ந்து வந்து மைக் வயரைப் பிடுங்கினார்.

குரல் குறையவே இல்லை.

கேன்டீன்காரம்மா கையிலிருந்த தட்டைக் கீழே போட்டாள். "யோவ்... எங்கய்யா கீற?"

"செத்தவன வெச்சு காமெடியாடா?" செருப்பு வந்தது. நாற்காலி வந்தது.

"எவன்டா உன்ன அனுப்பிச்சது?" மேனேஜர் சட்டையைப் பிடித்தார்.

சட்டை கிழிந்தது. ராஜாமணி ஸ்டாண்டிலிருந்த செல்போனைப் பிடுங்கிக்கொண்டு ஓடினான்.

செக்யூரிட்டி பரசுராமன் கேட்டைத் திறந்துவிட்டார். "அது பச்சையப்பன் கொரலு. போன வருசம் பொட்டு வெக்காத அந்த மெஷின்ல கை மாட்டி செத்தான். விமலு அவங்கூட வேல பாத்த பையன். தட்ட போட்டாளே, அவ அவன் பொண்டாட்டி. தூக்கத்துல அவனே கைய வுட்டுட்டான்னு கேச முடிச்சுட்டாங்க. ஓடிடு, மாட்டுனா தோல உரிச்சுருவானுங்க."

வல்லக்கோட்டை ரோட்டுக்கு வந்த பிறகுதான் கவனித்தான். செல்போனில் வீடியோ கால் இன்னும் ஓடிக்கொண்டிருந்தது.

"பிரமாதம் சார்!" என்றாள் சுபஸ்ரீ. "ஆனா தப்பா நெனச்சுக்காதீங்க. எனக்கு அவர்தான் வேணும்."

"எவரு?"

"உங்க பின்னாடி நின்னு பேசினாரே, ஒத்தக் கைக்காரர். உங்க வாய்தான் அசையவே இல்லையே."

ராஜாமணி திரும்பிப் பார்த்தான். வெறும் ரோடு.

"இப்பவும் உங்க பின்னாடிதான் நிக்கறாரு. போன அவர்கிட்ட குடுங்க சார்..."