தாழிக்குள் ஒளிந்த ஆயர்

எங்கள் தபர்சா ஊருக்குப் பதினேழு வருடம் கிறிஸ்தவ ஆயராக இருந்த இத்திபாலை, ரோமர் ஆண்ட எங்கள் ஆப்பிரிக்காவின் தலைநகரான கார்த்தேஜில் யாருக்கும் தெரியாது. அவர் ஆலிவ் செக்கு வைத்திருந்தார். எழுதப் படிக்க வராது. குரல் பெரிது, உடம்பு அதைவிடப் பெரிது.

பழைய ஆயர் இறந்ததும் ஊர் இரண்டாகப் பிரிந்தது. மேட்டுத்தெரு தோட்டக்காரர் விக்தோரிக்கை நிறுத்தியது. பள்ளத்தெரு குயவர் மிக்கினை நிறுத்தியது. புதியவருக்கு ஆயர் பட்டம் கொடுக்க வந்த மூன்று அயலூர் ஆயர்கள், ஒன்பது நாளாக எங்கள் கொண்டைக்கடலையைத் தின்றுகொண்டு காத்திருந்தார்கள். பத்தாம் நாள் கோயிலுக்குள்ளேயே தள்ளுமுள்ளு. விளக்குக்கு எண்ணெய் கொண்டுவந்த இத்திபாலின் குடம் உடைந்தது. இரண்டு தெருக்காரர்களும் வழுக்கி ஒருவர்மேல் ஒருவர் விழுந்தோம். நான் பள்ளத்தெரு; எனக்கு அடியில் கிடந்தவர் மேட்டுத்தெரு.

“நல்லா இருக்குய்யா உங்க பக்தி,” என்றார் இத்திபால். “ரெண்டு தெருவும் எங்கிட்டதான எண்ணெய் வாங்குறீங்க? நாளையிலேர்ந்து யாருக்கும் கெடையாது. இருட்டுல உக்காந்து அடிச்சுக்குங்க.”

பின்னாலிருந்து ஒரு பெண், “பேசாம இவரையே வச்சிரலாமே,” என்றாள். எல்லோரும் சிரித்தோம். சிரிப்பு அடங்கியதும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். அதற்குள் இத்திபால் ஓடிவிட்டிருந்தார்.

ஊரே அவர் வீட்டுக்குப் போனது. அவர் மனைவி நம்கித்தே முற்றத்தில் ஆலிவ் காய் பொறுக்கிக்கொண்டிருந்தார்.

“ஊர்ல இல்லன்னு சொல்லச் சொன்னாரு. எனக்குப் பொய் வராது. அந்தக் காலித் தாழிக்குள்ள இருக்காரு. எறங்கிட்டாரு, ஏற முடியல.”

மூன்று ஆயர்களில் மூத்தவர் தாழிக்குள் குனிந்தார். “வெளிய வாங்க, இத்திபால்.”

“எனக்கு எழுத்து தெரியாதுங்க.”

“வாசிக்க ஆள் வச்சுக்கலாம்.”

“வீட்டுக்காரி திட்டுவா.”

“காட்டிக்கொடுத்ததே அவங்கதான்.”

“செக்கை விடமாட்டேன்.”

“விட வேண்டாம்.”

“அப்ப விக்தோரிக்கும் மிக்கினும் கோயில்ல குடுக்குற மாதிரி சமாதான முத்தம் குடுத்துக்கணும். எனக்குச் சத்தம் கேக்கணும்.”

இருவரும் முகத்தைச் சுளித்துக்கொண்டு கொடுத்தார்கள். “கேக்கலையே,” என்றது தாழி. மறுபடி கொடுத்தார்கள். “இன்னும் கேக்கல.” மூன்றாம் முறை இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. பிறகு ஆளுக்கொரு கையைப் பிடித்து இழுத்தார்கள். ஆள் அசையவில்லை.

“உடைக்கத்தான் வேணும். நானே செஞ்ச தாழி,” என்று மிக்கின் வருத்தப்பட்டார். விக்தோரிக் சுத்தியலை எடுத்துக் கொடுத்தார்.

அன்றே பட்டம் ஆனது. வேதம் வாசிக்கும் வேலையை விக்தோரிக் ஏற்றுக்கொண்டார். அவர் வாசித்து முடித்ததும் இத்திபால் எழுந்து, “கேட்டீங்கல்ல? அதைச் செய்யுங்க,” என்பார். அவ்வளவுதான் பிரசங்கம். பக்கத்து ஊர்க்காரர்கள்கூட எங்கள் கோயிலுக்கு வர ஆரம்பித்தார்கள்.

ஒரே ஒருமுறை கார்த்தேஜில் நடந்த ஆயர்கள் கூட்டத்துக்குப் போனார். எல்லாம் அவருக்குப் பிடிபடாத லத்தீன் பேச்சு. நம் ஆள் இரண்டு நாளும் நன்றாகத் தூங்கினார். அவர் முறை வந்தபோது பக்கத்திலிருந்தவர் இடித்து எழுப்பினார். “எனக்கு முன்னால பேசினவரு சொன்னதுதான்,” என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். திரும்பும்போது நம்கித்தேவுக்குச் செருப்பு வாங்கி வந்தார்.

“என்ன முடிவு பண்ணீங்க?” என்று நம்கித்தே கேட்டார்.

“தெரியல. ஆனா ஒருமனதா பண்ணோம்.”

நம்கித்தே சிரித்துக்கொண்டே செருப்பைப் போட்டுப் பார்த்தார். அளவு சரியாக இருந்தது.