பேசாதீங்கண்ணே

நாலு மாசமாக நல்லம்பள்ளியில் வூட்டோடு கிடக்கிறேன். ஒரு முட்டி பொலிவியாவில் போச்சு, இன்னொன்று நார்வே மீன்படகில் போச்சு. மிச்ச உடம்பை ஏர்போர்ட் நாற்காலிகள் தின்றுவிட்டன. ஆவணப்படம் அலுத்தபோது கதைப்படம் எடுத்தேன். ஒன்று ஒரு வாரம் ஓடியது, இன்னொன்று ஓடவேயில்லை. திரும்பவும் ஆவணப்படம். "அடுத்து எந்த நாடுங்க?" என்று கேட்கிறவர்களிடம் சிரித்து வைக்கிறேன். போதுமடா சாமி என்று சொன்னால் எவன் நம்புகிறான்?

போன வாரம் காரிமங்கலத்திலிருந்து பஸ் ஏறி ஒரு பெண் வந்தாள். இருபது வயசுகூட நிறையவில்லை. அவள் பிறக்கும் முன்னே, ஒரு ஜெர்மன் டிவிக்காக லாரி டிரைவர்களைப் படம் எடுத்தேன். அதில் தொப்பூர் மலையிறக்கத்து டீக்கடையில் உட்கார்ந்து பேசுகிறவர் அவளுடைய அப்பா. எடுத்த மூன்றாம் மாதம் அதே இறக்கத்தில் பிரேக் பிடிக்காமல் செத்துப்போனார். இவள் அப்போது வயிற்றில்.

"போட்டோ இருக்குதுங்க சார். குரலுதான் இல்லீங்க. எப்படிப் பேசுவாருன்னு அம்மாவுக்கே இப்ப சரியா ஞாபகம் வரலீங்களாம். ஒருக்கா கேட்டாப் போதுங்க."

இதென்ன பிரமாதம் என்று படத்தைப் போட்டேன். அப்பா வாயைத் திறந்தார். "எங்கூருப் பக்கம்" என்றார். அவ்வளவுதான். ஒரு ஜெர்மன்காரரின் கனத்த குரல் அவர் மேல் ஏறி உட்கார்ந்துகொண்டது. கடைசி வரை இறங்கவில்லை.

"இது யாருங்க சார்?" என்றாள். எனக்கு மானம் போயிற்று.

மூல டேப்பா? அந்தக் கூத்தையும் சொல்லிவிடுகிறேன். அடுத்த வருஷம் பெரு நாட்டு மலையில் டேப் தீர்ந்துபோனது. பையில் கிடந்த பழைய டேப்புகளின் மேலேயே பதிவு செய்தேன். படம்தான் முடிந்ததே, இனிப் பேச்சு எதற்கு என்று ஒரு மேதாவித்தனம். அவர் பேசிய மூன்று மணி நேரத்தின் மேல் இன்றைக்குச் செம்மறியாடுகள் மேய்கின்றன.

நான் பத்திரமாக வைத்திருந்தது அமைதிகளை மட்டும். பேட்டி முடிந்ததும் எல்லோரும் வாயை மூடிக்கொண்டு ஒரு நிமிஷம் இருப்போம். அந்த இடம் சும்மா இருக்கும் சத்தத்தைத் தனி மெஷினில் பிடிப்போம். எடிட்டிங்கில் பேச்சை வெட்டிய இடத்தில் வைத்து நிரப்ப அது வேண்டும். போன நாடெல்லாம் இப்படிச் சேர்த்தது ஒரு பெட்டி நிறைய இருக்கிறது. தேடியதில் தொப்பூர் இரண்டு கிடைத்தது. முதலாவதில் 'கெட்டது' என்று நானே எழுதியிருந்தேன். அதைப் போட்டேன்.

லாரி கியர் மாற்றுகிற சத்தம். கிளாஸ் கழுவுகிற சத்தம். அப்புறம், பக்கத்தில் உட்கார்ந்து பேசுவதுபோல:

"ஏங்க, சும்மா இருக்கறதயுமா புடிப்பீங்க?" ஒரு சிரிப்பு. "எங்கூட்டுல முழுகாம இருக்குதுங்க. பொண்ணுதான்னு தோணுது. அவகிட்ட நான் மொதல்ல என்ன சொல்லுவேன் தெரியுங்களா..."

"பேசாதீங்கண்ணே! கெட்டுப்போச்சு பாருங்க. மறுபடி எடுக்கணும்."

அது என் குரல். இளங்குரல், அதிகாரக் குரல். அதோடு முடிந்தது.

அவள் முகத்தை மூடிக்கொண்டு அழுதாள். பிறகு கேட்டாள்: "அப்புறம் என்னங்க சொன்னாரு?"

எத்தனை ஊரில் எத்தனை பேரை நோண்டி நோண்டிக் கேட்டிருப்பேன். இதை நான் கேட்கவில்லை. "தெரியலம்மா. தப்புப் பண்ணிட்டேன்" என்றேன்.

அவள் பென் டிரைவை நீட்டினாள். முதலாவதை ஏற்றிக் கொடுத்தேன்.

"அந்த ரெண்டாவதையும் போட்டுக் குடுங்க சார்."

"அதுல ஒண்ணுமில்லம்மா. யாருமே பேசல."

"எங்கப்பா இருக்காரில்லீங்க? நீங்க சொன்னதக் கேட்டு வாய மூடிட்டு உக்காந்திருக்காரில்லீங்க?"